பார்க்காத பெரியம்மாவின் படங்கள்

ஓவியர் அம்ரிதா ஷெர்-கில் 1941 டிசம்பர் 5 அன்று லாகூரில் இறந்தபோது அவருக்கு வயது 28. அவருடைய தங்கை இந்திராவின் மகன் விவான் பிறந்தது 1943 மே மாதம், சிம்லாவில். பெரியம்மாவும் தங்கை மகனும் ஒருவரையொருவர் பார்த்ததே இல்லை. இருந்தும், விவான் சுந்தரம் கலைஞராக வாழ்ந்த ஐம்பது ஆண்டுகளில் அந்தப் பெரியம்மா அவரை விட்டு விலகவில்லை. தைலவண்ண ஓவியம், நிறுவல், கணினியில் உருவாக்கிய ஒட்டுப்படங்கள், இரண்டு தொகுதிகளாகப் பதிப்பித்த கடிதங்கள் என ஊடகம் மாற மாற, அவர் திரும்பத் திரும்ப அம்ரிதாவிடமே வந்து நின்றார்.

புகழ்பெற்ற முன்னோர் உள்ள வீடுகளில் வழக்கமாக நடப்பது நமக்குத் தெரியும். நல்ல படமாக ஒன்றைத் தேர்ந்து சட்டம் போட்டு மாட்டுவார்கள். சங்கடமான கடிதங்கள் பெட்டியின் அடியில் போய்விடும். நூற்றாண்டு விழா வந்தால் மலர் வெளியாகும். விவான் தமக்கு வந்துசேர்ந்த படங்களையும் கடிதங்களையும் அப்படிப் பூட்டிக் காக்கவில்லை. அவற்றை வெட்டினார், ஒட்டினார், கேள்வி கேட்டார். ஒவ்வொரு துண்டும் எங்கிருந்து வந்தது என்பதையும் பார்ப்பவருக்குச் சொன்னார். கடைசியில் அவற்றைப் பொதுமக்கள் கைக்கு எட்டும்படி செய்தார். குடும்ப நினைவைப் பொதுக்காரியமாக்க முடியும் என்று காட்டியவர் என்பதாலேயே இந்திய நவீன கலையில் அவருடைய இடம் தனித்தது.

கேமரா இருந்த வீடு

இந்தக் கதை விவானின் தாத்தாவிடம் தொடங்குகிறது. உம்ராவ் சிங் ஷெர்-கில் (1870–1954) பஞ்சாபின் மஜீட்டியா குடும்பத்தைச் சேர்ந்த சீக்கிய நிலப்பிரபு. தம்பி சுந்தர் சிங் மஜீட்டியா ஆங்கில அரசிடம் சர் பட்டம் பெற்று, பஞ்சாப் மாகாணத்தில் அமைச்சராகவும் ஆனார். அண்ணனின் போக்கு வேறு. சமஸ்கிருதமும் பாரசீகமும் கற்றார். டால்ஸ்டாயை விரும்பிப் படித்தார். யோகமும் வானநூலும் பழகினார். கவிஞர் இக்பால் அவருக்கு நண்பர்.

ரஞ்சித் சிங்கின் பேத்தி இளவரசி பம்பாவோடு லாகூர் வந்திருந்த ஹங்கேரியப் பாடகி மேரி அந்துவானெத்தை உம்ராவ் சிங் 1912இல் மணந்தார். இருவரும் புடாபெஸ்ட் சென்றனர். அங்கே 1913இல் அம்ரிதாவும் 1914இல் இந்திராவும் பிறந்தனர். முதல் உலகப்போர் மூண்டதால் குடும்பம் இந்தியா திரும்ப முடியாமல் போயிற்று. புரட்சியாளர்களோடு தொடர்புடையவர் என்று உம்ராவ் சிங்கை ஆங்கில அரசு சந்தேகித்தது. 1921இல்தான் குடும்பம் இந்தியா வந்து சிம்லாவின் சம்மர் ஹில் பகுதியில் குடியேறியது. மகள்களின் படிப்புக்காக 1929இல் பாரிஸ் சென்றது. அங்கே அம்ரிதா ஓவியம் பயின்றார், இந்திரா பியானோ பயின்றார். 1934இன் இறுதியில் மீண்டும் இந்தியா.

இத்தனை ஊர்களிலும் உம்ராவ் சிங்கின் கேமரா கூடவே சென்றது. பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியில் தொடங்கிய பழக்கம் முதுமை வரை நீடித்தது. மனைவியையும் மகள்களையும் எடுத்தார், பிறகு பேரக்குழந்தைகளையும் எடுத்தார். எல்லோரையும்விட அதிகமாகத் தம்மையே எடுத்துக்கொண்டார். தலைப்பாகையோடு, ஐரோப்பிய உடையில், புத்தகத்தின் முன்னால், இடுப்பில் ஒரு துணி மட்டும் கட்டி யோகத்தில் பழகிய உடலைக் காட்டியபடி என்று பல கோலங்கள். இதைத் தற்பெருமை என்று ஒதுக்கிவிட முடியாது. சீக்கியப் பிரபு, ஐரோப்பியப் பெண்ணின் கணவர், அரசின் கண்காணிப்பில் இருந்தவர், துறவில் நாட்டமுள்ள அறிஞர் என ஒருவருக்குள் இருந்த பலரை அவர் ஒவ்வொருவராகக் கேமரா முன்னால் நிறுத்திப் பார்த்தார். அடையாளம் என்ற கேள்வி பேரனிடம் வருவதற்கு முன்பே தாத்தாவின் கண்ணாடித் தகடுகளில் பதிவாகியிருந்தது.

விவானின் தந்தை கல்யாண் சுந்தரம் தமிழர், ஐ.சி.எஸ். அதிகாரி. கே.வி.கே. சுந்தரம் என்ற பெயரில் இந்தியாவின் இரண்டாவது தலைமைத் தேர்தல் ஆணையராக 1958 முதல் 1967 வரை பணியாற்றினார். சென்னை மாநிலத்தில் ஆட்சியை மாற்றி தி.மு.க.வைக் கொண்டுவந்த 1967 பொதுத்தேர்தல் அவர் பொறுப்பில் நடந்ததுதான். மகனின் பெயரில் தமிழ்நாடு இருக்கிறது. ஆனால் மகனின் குடும்பப் படைப்புகளில் முன்னிற்பது தாய்வழி. கேமரா அந்த வீட்டில்தான் இருந்தது.

கித்தானிலிருந்து பெட்டிக்கு

விவான் பரோடா பல்கலைக்கழகத்தில் ஓவியம் படித்தார். 1966இல் லண்டனின் ஸ்லேட் கலைப்பள்ளிக்குச் சென்று ஆர்.பி. கிட்டாஜிடம் பயின்றார். 1968இன் மாணவர் கிளர்ச்சிகள் அவரை ஆழமாகப் பாதித்தன. இடதுசாரி அரசியலோடு நாடு திரும்பினார். 1972இல் ‘மார்க்’ இதழ் அம்ரிதாவுக்கென்று வெளியிட்ட சிறப்புத் தொகுப்பில் அவரும், பின்னாளில் அவர் மணந்த கலை விமர்சகர் கீதா கபூரும், ஓவியர்கள் குலாம் முகமது ஷேக், கே.ஜி. சுப்பிரமணியன் ஆகியோரும் எழுதினார்கள். பெரியம்மாவை அவர் பொதுவெளியில் முதலில் அணுகியது எழுத்து வழியாகத்தான் என்பதைக் கவனிக்க வேண்டும். பாசத்தோடு விமர்சனமும் தொடக்கத்திலேயே சேர்ந்துவிட்டது.

1981இல் பூபேன் கக்கர், ஷேக், ஜோகன் சௌத்ரி, நளினி மலானி, சுதிர் பட்வர்த்தன் ஆகியோருடன் இணைந்து ‘பிளேஸ் ஃபார் பீப்பிள்’ கண்காட்சியை நடத்தினார். மனிதர்களையும் அவர்கள் வாழும் இடத்தையும் கதையாகச் சொல்லும் ஓவியத்துக்கு அந்தக் கண்காட்சி வாதாடியது. அடுத்த சில ஆண்டுகளில், 1983–84இல், ‘ஷெர்-கில் குடும்பம்’ என்ற தைலவண்ண ஓவியத்தை வரைந்தார். மற்ற மனிதர்களின் கதைக்குக் கிடைத்த அதே கவனம் சொந்த வீட்டின் மேல் திரும்பியது.

கித்தான் அவருக்கு நெடுநாள் போதவில்லை. 1991 வளைகுடாப் போரின்போது கரித்துண்டோடு எஞ்சின் எண்ணெயையே வண்ணமாகப் பயன்படுத்தினார். எண்ணெய்க்காக நடந்த போரை எண்ணெயாலேயே பேசவைத்த படைப்புகள் அவை. தாள் சுவரிலிருந்து இறங்கித் தரைக்கு வந்தது. ஒரு விஷயத்தைச் சொல்ல அதன் பொருளையே கையில் எடுக்க வேண்டும் என்ற எண்ணம் அதன்பிறகு அவரிடம் உறுதிப்பட்டது.

குடும்பத்துக்கும் அவர் அதே வழியில் வந்தார். 1995இல் புடாபெஸ்டில் காட்சிப்படுத்திய ‘ஷெர்-கில் ஆவணக் காப்பகம்’ என்ற நிறுவலில் புகைப்படங்களும் கடிதங்களும் குடும்பப் பொருட்களும் பெட்டிகளுக்குள் இடம்பெற்றன. ஓவியத்தில் முகங்களை வரைந்தவர் இங்கே முகங்களை வரையவில்லை. படம், கையெழுத்து, பெட்டி என்ற சான்றுகளை எடுத்து வைத்தார். அம்ரிதா பிறந்த நகரத்திலேயே அது நடந்தது. ஹங்கேரியர்களுக்கு அம்ரிதா பாதி சொந்தக்காரி, இந்தியர்களுக்கு நவீன ஓவியத்தின் தொடக்கப் புள்ளி. இரண்டு உரிமைகளுக்கும் நடுவில், ஒரு வீட்டின் காகிதங்களை அந்த நிறுவல் விரித்து வைத்தது.

ரீ-டேக்

2001இல் விவான் தொடங்கிய ‘ரீ-டேக் ஆஃப் அம்ரிதா’ என்ற வரிசைதான் அவருடைய குடும்பப் படைப்புகளில் மிக அதிகம் பேசப்பட்டது. செய்முறை சொல்வதற்கு எளிது. உம்ராவ் சிங் எடுத்த கறுப்பு வெள்ளைப் படங்களையும் அம்ரிதாவின் ஓவியங்களையும் ஸ்கேன் செய்து, கணினியில் ஒன்றோடொன்று இணைத்துப் புதிய படமாக அச்சிட்டார். வெவ்வேறு பத்தாண்டுகளில், வெவ்வேறு நாடுகளில் நின்றவர்கள் ஒரே அறையில் சேர்ந்து நிற்கிறார்கள். ஒளி ஒரே பக்கத்திலிருந்து விழுவதுபோல் இருக்கிறது. கண்ணாடியில் தெரியும் உருவம் வேறொரு காலத்தைச் சேர்ந்தது. முதல் பார்வையில் பழைய ஆல்பத்தின் ஒரு பக்கம் என்றே நம்பத் தோன்றும். இரண்டாம் பார்வையில்தான் வயதுகள் பொருந்தவில்லை என்பது உறைக்கும்.

அந்த உறுத்தலில்தான் படைப்பின் உயிர் இருக்கிறது. ‘சிஸ்டர்ஸ் வித் டூ கேர்ள்ஸ்’ என்ற படத்தில் அக்காவும் தங்கையும், அம்ரிதா 1939இல் வரைந்த ‘இரண்டு பெண்கள்’ ஓவியத்தோடு சேர்கிறார்கள். அந்த ஓவியத்தில் இருப்பவர்களில் ஒருத்தி வெளிர் நிறத்தவள், மற்றவள் கறுத்தவள். இரு நாட்டு ரத்தமும் கொண்ட சகோதரிகளுக்குப் பக்கத்தில் அது வந்ததும், ஓவியத்தையும் புகைப்படத்தையும் தனித்தனியே பார்த்தபோது எழாத கேள்விகள் எழுகின்றன. அம்ரிதா தமக்குள் இருந்த இரண்டு பேரைத்தான் வரைந்தாரா? ஓவியரான அக்காவின் நிழலில் வாழ்ந்த இந்திராவின் இடம் எது? 1933இல் பாரிஸின் கிராண்ட் சலோனில் அம்ரிதாவுக்குத் தங்கப் பதக்கம் பெற்றுத்தந்த ‘இளம் பெண்கள்’ ஓவியத்திலும் மாடலாக அமர்ந்தவர் இந்திராதான். கலை வரலாறு அவரை நெடுங்காலம் அக்காவின் மாடலாகவே அறிந்திருந்தது. மகன் அவரைக் கதையின் நடுப்பகுதிக்குக் கொண்டுவந்தார்.

தந்தையின் பார்வையும் இங்கே விசாரிக்கப்படுகிறது. கேமராவுக்குப் பின்னால் நின்று மகளைப் பார்த்துக்கொண்டிருந்தவரை ஒட்டுப்படம் கேமராவுக்கு முன்னால் இழுத்துவருகிறது. பார்த்தவரும் பார்க்கப்பட்டவளும் ஒரே சட்டத்துக்குள் அருகருகே நிற்கும்போது, அன்பு, பெருமிதம், உடைமை உணர்வு ஆகியவை எங்கே பிரிகின்றன என்பது எளிதில் பிடிபடுவதில்லை. சில படங்களில் தந்தைக்கும் மகளுக்கும் இடையிலான நெருக்கம் பார்ப்பவரைச் சங்கடப்படுத்தும். விவான் அதை மழுப்பவில்லை.

இறந்தவர்களை நம் விருப்பப்படி நிற்கவைப்பது சரிதானா என்ற கேள்வி இங்கே நியாயமாகவே எழும். அவர்களால் சம்மதம் தரவோ மறுக்கவோ முடியாது. விவானின் பதில் படத்தின் கீழே இருக்கிறது. ஒட்டுப்படத்தில் இருப்பவர் யார், அந்தத் துண்டு எந்த ஊரில் எந்தக் காலத்தில் எடுத்தது, எடுத்தவர் யார் என்பதை அவர் விளக்கக் குறிப்பில் தருகிறார். கற்பனைக்கு முழு உரிமை எடுத்துக்கொண்டவர், ஆதாரத்தை மறைக்கும் உரிமையை எடுத்துக்கொள்ளவில்லை. விரும்பினால் படத்தைத் துண்டு துண்டாகப் பிரித்து மூலத்துக்கே போகலாம். பொய்ப்படங்கள் நொடியில் உருவாகிப் பரவும் இன்றைய நிலையில் இந்த நேர்மைக்கு இன்னும் கூடுதல் மதிப்பு இருக்கிறது.

எரிந்த கடிதங்கள்

குவிந்து கிடந்த சேகரிப்பிலும் ஓட்டைகள் இருந்தன. அம்ரிதா தம் உறவினர் விக்டர் ஈகனை மணப்பதற்காக 1938இல் ஹங்கேரி சென்றிருந்தபோது, வீட்டில் அவர் வைத்திருந்த கடிதங்களில் பலவற்றைப் பெற்றோர் எரித்துவிட்டார்கள். நேரு எழுதிய கடிதங்களும் அவற்றில் போயின. மகளின் மானத்தைக் காப்பதாக அவர்கள் நினைத்திருக்கலாம். விஷயம் தெரிந்த அம்ரிதா மனம் நொந்து எழுதினார். வாழ்நாளெல்லாம் படமெடுத்துச் சேர்த்துவைத்த தந்தையின் வீட்டிலேயே அது நடந்தது என்பது, குடும்பக் காப்பகம் எதையும் முழுதாக நம்பக்கூடாது என்பதற்குச் சான்று. எதைக் காப்பது என்று முடிவெடுக்கும் கைதான் எதை அழிப்பது என்பதையும் முடிவெடுக்கிறது.

அம்ரிதாவின் மரணத்துக்குப் பிறகு தாய் மேரி அந்துவானெத் மனம் தேறவே இல்லை. 1948இல் தம் உயிரைத் தாமே மாய்த்துக்கொண்டார். அப்போது விவானுக்கு ஐந்து வயது. ஆல்பத்தில் உம்ராவ் சிங்கின் மனைவி நேர்த்தியான உடையில் நிற்கிறார். அந்தப் படங்களைத் துக்கம் தெரிந்த பேரன் மறுபடி பார்க்கும்போது அவற்றின் பொருள் மாறுகிறது.

எரிந்ததற்கு ஈடு செய்ய முடியாது. எஞ்சியதை முழுமையாக வெளியிட முடியும். 2010இல் டெல்லியின் தூலிகா பதிப்பகம், அம்ரிதாவின் கடிதங்களையும் எழுத்துகளையும் விவானின் பதிப்பில், விரிவான குறிப்புகளோடு இரண்டு தொகுதிகளாகக் கொண்டுவந்தது. அஜந்தா, எல்லோரா, கொச்சி, திருவனந்தபுரம், கன்னியாகுமரி என்று அம்ரிதா 1936–37இல் மேற்கொண்ட பயணமும், அதன் விளைவாகப் பிறந்த ‘மணமகளின் ஒப்பனை’, ‘பிரம்மச்சாரிகள்’, ‘சந்தைக்குச் செல்லும் தென்னிந்திய கிராமத்தார்’ ஆகிய மூன்று ஓவியங்களின் பின்னணியும் அவருடைய சொந்தக் குரலிலேயே இப்போது கிடைக்கின்றன. கூர்மையும் பிடிவாதமும் கொண்ட, சக ஓவியர்களைப் பற்றித் தயங்காமல் கருத்துச் சொன்ன ஒரு பெண்ணை அந்தப் பக்கங்களில் சந்திக்கிறோம். அழகியாக, அகாலத்தில் மறைந்த மேதையாக மட்டுமே அவரை அறிந்த வாசகருக்கு அது பெரிய திருத்தம்.

விவானின் தங்கை நவீனா சுந்தரம் ஜெர்மன் தொலைக்காட்சியில் நெடுங்காலம் பணியாற்றிய பத்திரிகையாளர். அவரும் பெரியம்மாவைப் பற்றி ஒரு குடும்ப ஆல்பமாக ஆவணப்படம் எடுத்தார். அந்தப் படம் வெளிவந்த காலத்தில் மியூனிக்கின் ஹவுஸ் டெர் குன்ஸ்ட்டிலும், 2007இல் லண்டனின் டேட் மாடர்னிலும் அம்ரிதாவின் பெருங்கண்காட்சிகள் நடந்தன.

பெயர் தெரியாதவருக்கும் ஒரு நினைவகம்

ஷெர்-கில் குடும்பத்துக்குக் கேமரா இருந்தது, பியானோ இருந்தது, கடிதங்களைப் பாதுகாக்க வீடு இருந்தது. படமே இல்லாத குடும்பங்களின் நினைவை என்ன செய்வது? விவானின் படைப்புகளை மொத்தமாகப் பார்த்தால்தான் இதற்கு விடை தெரியும்.

1992–93இல் பம்பாயில் நடந்த கலவரத்தின்போது ஹோஷி ஜால் எடுத்த ஒரு படம் நாளிதழில் வந்தது. தெருவில் ஒருவர் இறந்து கிடக்கிறார். யார் என்று தெரியாது. விவான் அந்தப் படத்தை எடுத்து, பலமுறை அச்சிட்டு, அதன்மேல் ஆணிகளை அடித்து, பரப்பி, மூடி, 1993இல் ‘மெமோரியல்’ என்ற பெரிய நிறுவலை உருவாக்கினார். பயணத்துக்குக் கொண்டுபோகும் தகரப் பெட்டிகளை அடுக்கி அதற்கு நுழைவாயில் அமைத்தார். ஊரைவிட்டு ஓடியவர்கள் சுமந்த பெட்டிகளை அவை நினைவூட்டும். அரசர்களுக்கும் தளபதிகளுக்கும் எழும் நினைவுச் சின்னம், அடக்கம் செய்ய ஆளில்லாமல் கிடந்த ஒருவருக்கு எழுந்தது. ஷெர்-கில் ஆவணக் காப்பகம் இதற்கு இரண்டு ஆண்டுகள் கழித்துத்தான் வந்தது. அந்நியர் ஒருவரின் உடலுக்கு மரியாதை செய்யக் கற்ற கைதான் பிறகு சொந்தக் குடும்பத்தின் படங்களைத் தொட்டது.

அடுத்தடுத்த படைப்புகளிலும் இந்தப் பாதை தொடர்ந்தது. 1998இல் கல்கத்தா விக்டோரியா நினைவு மண்டபத்தின் உள்ளேயே வங்காளத்தின் நவீன வரலாற்றை நிறுவலாக்கினார். காலனி அரசின் நினைவகத்துக்குள் அடிமைப்பட்டவர்களின் வரலாறு நுழைந்தது. 2012இல் முதல் கொச்சி-முசிறிஸ் பியனாலேக்காக, பட்டணம் அகழாய்வில் கிடைத்த பானை ஓடுகளைக் கொண்டு ஒரு நகரத்தை அமைத்து, அது நீரில் மூழ்குவதைப் படமாக்கினார். சங்கப் புலவர்கள் பாடிய முசிறி இந்தப் பட்டணமாக இருக்கலாம் என்று ஆய்வாளர்கள் கருதுகிறார்கள். 2017இல் மும்பை அருங்காட்சியகத்தில், 1946 கடற்படை எழுச்சியைப் பற்றிய ஒலி நிறுவலை ஆஷிஷ் ராஜாத்யக்ஷாவோடும் மற்றவர்களோடும் சேர்ந்து உருவாக்கினார். தோற்றுப்போய்ப் பாடப்புத்தகத்தில் சில வரிகளாகச் சுருங்கிய எழுச்சி அது.

இதே காலத்தில் வேறு வழியில் சென்றவர் அச்சோவியக் கலைஞர் ஜரீனா. 1937இல் அலிகரில் பிறந்தவர். பிரிவினைக்குப் பின் குடும்பம் கராச்சிக்குப் பெயர்ந்தது. தந்தையின் வீட்டை அவர் வெறும் தரைவரைபடமாக, சில கோடுகளில் செதுக்கினார். அக்கா உருதுவில் எழுதிய கடிதங்களின் மேல் வீடுகளின் வரைபடங்களை அச்சிட்டார். விவானின் படங்களில் ஆட்கள் நிறைந்திருக்கிறார்கள். ஜரீனாவின் படங்களில் ஒருவரும் இல்லை. குடும்ப நினைவைச் சொல்ல ஒரே வடிவம்தான் என்று இல்லை என்பதற்கு இந்த இருவரும் போதும்.

வீட்டிலிருந்து வெளியே

விவானின் இன்னொரு முக்கியமான வேலை கண்காட்சி அறைகளில் தெரியாது. கசௌலியில் இருந்த ஐவி லாட்ஜ் என்ற குடும்ப வீட்டை 1976இல் கலை மையமாக்கினார். ஓவியர்களும் நாடகக்காரர்களும் விமர்சகர்களும் அங்கே கூடி வேலை செய்தார்கள், விவாதித்தார்கள். 1989இல் சஃப்தர் ஹாஷ்மி தெருநாடகம் நடத்திக்கொண்டிருந்தபோது தாக்கப்பட்டு இறந்த பிறகு உருவான சஹ்மத் அமைப்பின் நிறுவனர்களில் அவரும் ஒருவர். அவரும் கீதா கபூரும் தங்கள் சொந்தக் காகிதங்களை ஏஷியா ஆர்ட் ஆர்க்கைவ் மூலம் எண்ணிம வடிவில் ஆய்வாளர்களுக்குத் திறந்துவிட்டார்கள். 2016இல் விவானும் நவீனாவும் ஷெர்-கில் சுந்தரம் கலை அறக்கட்டளையை நிறுவினார்கள். அது கலைஞர்களுக்கும் ஆய்வாளர்களுக்கும் நல்கைகள் தருகிறது. புகைப்படத்துக்கான நல்கைக்கு உம்ராவ் சிங்கின் பெயர்.

விவானின் கடைசிப் படைப்புகளில் ஒன்று, புகைப்படங்களால் ஆன ‘சிக்ஸ் ஸ்டேஷன்ஸ் ஆஃப் எ லைஃப் பர்சூட்’. 2023 பிப்ரவரியில் தொடங்கிய ஷார்ஜா பியனாலேயில் அது காட்சிக்கு வந்தது. அவர் இறந்தது மார்ச் 29, 2023இல், டெல்லியில். அறக்கட்டளையின் நல்கைகள் அவருக்குப் பிறகும் தொடர்கின்றன. உம்ராவ் சிங்கைப் பற்றி ஒன்றும் அறியாத, வேறு ஊரில் வேறு குடும்பத்தின் படங்களோடு மல்லுக்கட்டும் இளம் புகைப்படக் கலைஞர்களுக்கு அந்த வீட்டின் பெயரால் இன்று உதவி போய்ச் சேர்கிறது.